எல்லையோரக் கொட்டகைகள் (பகுதி 11): தேய்ந்த பெட்டிகள்

கூடாரக் கொட்டகைகள் ஒவ்வொன்றாய் மடிந்த கதையைச் சென்ற பகுதியில் பார்த்தோம். கொட்டகை இருந்த இடத்தில் இன்று கல்யாண மண்டபமோ லாரி ஷெட்டோ இருக்கிறது. போய்ப் பார்த்துவிட்டு வரலாம். அதற்குள் ஓடிய பிலிம் என்ன ஆயிற்று என்று கேட்டால்தான் ஆளுக்கு ஆள் விழிக்கிறோம். மூன்று மணி நேரப் படம் என்றால் ஏறக்குறைய 16,000 அடி, அதாவது ஐந்து கிலோமீட்டர் பிலிம். தகரப் பெட்டிகளில் பஸ்ஸின் தலைமேல் ஏறி வந்த அத்தனை கிலோமீட்டரும் எங்கே போனது?

முதலில் பெட்டி வந்த வழியைச் சொல்லிவிடுகிறேன். சினிமா வியாபாரத்தில் ஓசூரும் கிருஷ்ணகிரியும் ‘சேலம் ஏரியா’. 1965-ல் சேலத்திலிருந்து தருமபுரி மாவட்டம் பிரிந்தது. 2004-ல் தருமபுரியிலிருந்து கிருஷ்ணகிரி பிரிந்தது. வருவாய்த் துறையின் வரைபடம் இரண்டு முறை மாறியும் வினியோகஸ்தர்களின் வரைபடம் மாறவே இல்லை. படம் சேலத்தில் ஓடி முடிக்கும், பிறகு தருமபுரி, கிருஷ்ணகிரி, அதன்பின் ஓசூர், கடைசியாகக் காவேரிப்பட்டணம், பர்கூர், ராயக்கோட்டை, கெலமங்கலம், தேன்கனிக்கோட்டை. பெங்களூர் நாற்பது கிலோமீட்டர்தான். ஆனால் அங்கே ஓடும் தமிழ்ப் படப் பெட்டி வேறொரு ஏரியாவுக்கு விற்ற பெட்டி. அது அத்திப்பள்ளியைத் தாண்டி இந்தப் பக்கம் வராது. ஆக, தேன்கனிக்கோட்டைக்காரர் ஒரு படத்தைப் பார்க்கும்போது அந்தப் பிரதி ஏற்கெனவே நூற்றுக்கணக்கான காட்சிகள் ஓடித் தேய்ந்திருக்கும். திரை முழுக்க மழை பெய்யும். வெயில் காலத்துக் காட்சியிலும் பெய்யும்.

பிலிம் தேய்வதற்குக் காரணம் ஒன்றல்ல. புரொஜெக்டரின் பற்சக்கரம் ஓரத்துளைகளைக் கிழிக்கும். கார்பன் விளக்கின் சூடு பிலிமை வளைக்கும். ரீலைச் சுற்றும் மேசையில் இருக்கும் மண் துகள் ஒன்று போதும், ஆயிரம் அடிக்கும் நேராக ஒரு கோடு கிழித்துவிட. பிலிம் அறுந்தால் ஆபரேட்டர் இரண்டு முனையையும் சுரண்டி, சிமெண்ட் தடவி ஒட்டுவார். ஒவ்வோர் ஒட்டுக்கும் சில சட்டகங்கள் போகும். ஒலியோ படத்துக்கு நேராக இல்லாமல் சுமார் இருபது சட்டகம் முன்னால் அச்சாகியிருக்கும். ஆகவே ஓர் ஒட்டுப் பிலிம் ஓடும்போது படம் ஓரிடத்தில் துள்ளும், வசனம் இன்னோரிடத்தில் துள்ளும். பழைய படத்தை நிறையத் தடவை கொட்டகையில் பார்த்தவர்களுக்கு இந்த இரட்டைத் துள்ளல் மனப்பாடம்.

இதற்கு மேல் ரசிகர்கள் வேறு. பாட்டு முடிந்ததும் ‘ஒன்ஸ்மோர்’ என்று கூச்சல் எழும். கூட்டம் அடங்காது என்று தெரிந்தால் ஆபரேட்டர் ரீலைப் பின்னுக்குச் சுற்றி மறுபடி ஓட்டுவார். எந்தப் பாட்டை மக்கள் அதிகம் விரும்பினார்களோ அந்தப் பாட்டின் பிலிம்தான் முதலில் கெட்டது. அறுந்த துண்டுகள் ஆபரேட்டர் அறையின் ஜன்னல் வழியாக வெளியே விழும். பையன்கள் பொறுக்கி எடுத்து, தண்ணீர் நிரப்பிய பல்பை லென்ஸாக்கி, கண்ணாடியால் வெயிலைத் திருப்பி, வேட்டித் திரையில் எம்.ஜி.ஆரை அசையாமல் நிற்கவைத்துக் காட்டுவார்கள். ஒரு படத்தின் சண்டைக் காட்சி கொஞ்சம் கொஞ்சமாக இப்படி ஊர்ப் பையன்களின் டப்பாக்களுக்குப் போய்ச் சேர்ந்தது.

அப்படித் தேய்த்தவர்கள்தான் அந்தப் படங்களை வாழவும் வைத்தார்கள் என்பதே இந்தப் பகுதியில் நான் சொல்ல வருவது. புதுப் படம் எடுக்க முன்பணம் கட்ட முடியாத சின்னக் கொட்டகைக்காரருக்குப் பழைய எம்.ஜி.ஆர். படமோ சிவாஜி படமோ குறைந்த வாடகைக்குக் கிடைக்கும். வெள்ளிக்கிழமை போட்டால் ஞாயிறு வரை நிச்சயம் கூட்டம் வரும். 1970-களில் ஓசூரில் சிப்காட் தொழிற்பேட்டை வந்தது. 1980-ஐ ஒட்டி டி.வி.எஸ். மொபெட்டும் அசோக் லேலண்டும் வந்தன. அந்தப் பத்தாண்டு முடிவதற்குள் டைட்டன் கடிகாரமும் வந்துவிட்டது. மதுரை, திருநெல்வேலி, தஞ்சாவூர்ப் பக்கத்து இளைஞர்கள் இங்கே வாடகை அறைகளில் நிறைந்தார்கள். ஷிப்ட் முடிந்து வருகிறவருக்கு இரண்டாம் ஆட்டம்தான் முதல் ஆட்டம். ஊரிலிருந்து அவர்கள் கொண்டுவந்த சொத்துகளில் ஒன்று ரசிகர் மன்றம். அதற்குமுன் தெலுங்கும் கன்னடமும் தமிழும் கலந்து பேசிய சிறிய ஊரில், மறு வெளியீட்டுக்குக் கட்-அவுட் வைக்கும் பழக்கம் தெற்கத்திக்காரர்களோடு வந்து வலுத்தது.

கூட்டத்துக்கு இன்னொரு வாசலும் இருந்தது. கர்நாடகத்தில் தமிழ்ப் படம் நிறுத்தப்படும் காலங்களில் பெங்களூர்த் தமிழர்கள் பஸ் பிடித்து ஓசூர் வந்து படம் பார்த்தார்கள். 2000-ல் கன்னட நடிகர் ராஜ்குமார் கடத்தப்பட்டிருந்த 108 நாட்கள் அப்படி. 2004-ல் பிறமொழிப் படங்களை ஏழு வாரம் தள்ளித்தான் திரையிட வேண்டும் என்று அங்கே கட்டுப்பாடு வந்தபோதும் அப்படி. சேலம் ஏரியாவின் வால் நுனி அந்த நாட்களில் பெங்களூரின் முதல் வரிசையாக மாறிவிடும். ஜூஜுவாடிச் சோதனைச்சாவடியில் நிற்கும் பைக்குகளின் எண்பலகையைப் பார்த்தே எந்தப் படம் வந்திருக்கிறது என்று சொல்லிவிடலாம் என்பார்கள். கொஞ்சம் மிகைதான், ஆனால் பொய்யில்லை.

சரி, பிரதி தேய்ந்தால் புதுப் பிரதி போட்டுக்கொள்ளலாமே? போட்டார்கள். அங்கேதான் பெரிய இழப்பு நடந்தது. ஹாலிவுட்டில் கேமராவில் ஓடிய மூல நெகட்டிவை எளிதில் தொடமாட்டார்கள். அதிலிருந்து இடைப் பிரதி எடுத்து, அந்த இடைப் பிரதியிலிருந்து இன்னொரு நெகட்டிவ் எடுத்து, அதிலிருந்துதான் தியேட்டர் பிரதிகளை அச்சிடுவார்கள். நம்மூரில் அந்தச் செலவைப் பெரும்பாலும் யாரும் செய்யவில்லை. மூல நெகட்டிவிலிருந்தே நேராகப் பிரதி அடித்தார்கள். ஒவ்வொரு மறு வெளியீட்டுக்கும் அதே நெகட்டிவ் மறுபடி அச்சு இயந்திரத்துக்குள் போனது. எந்தப் படத்துக்கு ரசிகர் அதிகமோ அந்தப் படத்தின் நெகட்டிவ்தான் அதிகம் நொந்தது. ஓடாத படத்தின் நெகட்டிவ் பத்திரமாக இருந்தது; அதைக் கேட்பார் இல்லை.

இந்தச் சிக்கனத்தில் ஒரு நல்லதும் தெரியாமல் நடந்துவிட்டது. நேராக மூலத்திலிருந்து அச்சிட்டதால், தேன்கனிக்கோட்டைக்கு வந்த பிரதி மூலத்துக்கு ஒரு தலைமுறைதான் தள்ளி நிற்கிறது. கோடு விழுந்திருக்கலாம், துண்டு போயிருக்கலாம். ஆனால் கோடு விழாத இடத்தில் அதன் கூர்மை, பல இடைப் பிரதிகளைத் தாண்டி வந்த அமெரிக்கப் பிரதியைவிட மேலாக இருக்க வாய்ப்புண்டு. நெகட்டிவ் அழிந்துபோன படத்துக்கு இப்படிப்பட்ட பிரதியே மூலம்.

அந்தப் பிரதிகளை நாம் என்ன செய்தோம்? கறுப்பு வெள்ளை பிலிமில் வெள்ளி இருக்கிறது. வினியோக உரிமை முடிந்ததும் பிரதிகளைப் பழைய சாமான்காரர்களிடம் எடைக்குப் போட்டார்கள். அவர்கள் வெள்ளியைப் பிரித்துக்கொண்டு மிச்சத்தை வளையல்காரர்களுக்கும் பிளாஸ்டிக்காரர்களுக்கும் விற்றார்கள். இந்தியாவின் முதல் பேசும் படமான ‘ஆலம் ஆரா’ (1931) வெள்ளிக்காகத்தான் போனது என்பதை, 1964-ல் தொடங்கிய புனே தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகத்தைக் கட்டியெழுப்பிய பி.கே. நாயர் வேதனையோடு சொல்லிவந்தார். அதே ஆண்டு வந்த நம் ‘காளிதாஸ்’ இல்லை. அதற்குமுன் நடராஜ முதலியார் எடுத்த ‘கீசக வதம்’ இல்லை. தென்னிந்திய ஊமைப் படங்களில் முழுசாய் மிஞ்சியதாகச் சொல்லத்தக்கது ‘மார்த்தாண்ட வர்மா’ (1933) ஒன்றுதான். அதுவும் யாரும் போற்றிப் பாதுகாத்ததால் அல்ல: நாவலின் உரிமையாளர் வழக்குப் போட்டதால் படம் புத்தகக் கடையில் முடங்கிக் கிடந்தது, பிழைத்தது. வழக்கு ஒரு படத்தைக் காப்பாற்றிய அபூர்வம். மற்றவற்றின் வரலாற்றைப் பாட்டுப் புத்தகங்களையும் பத்திரிகை விளம்பரங்களையும் வைத்து எழுதவேண்டியிருக்கிறது.

இனி நம் எல்லைக்காரர் ஒருவரின் பெட்டிகளைப் பார்ப்போம். பி.ஆர். பந்துலு பிறந்தது கிருஷ்ணகிரிக்குப் பக்கத்து எல்லை, குப்பம் பக்கம். தெலுங்கு வீட்டுப் பிள்ளை. குப்பி வீரண்ணாவின் கன்னட நாடகக் கம்பெனியில் வளர்ந்தவர். பேர் வாங்கியது தமிழில். ‘ஸ்கூல் மாஸ்டர்’, ‘கித்தூர் சென்னம்மா’ என்று அந்தப் பக்கத்துக்கும், ‘வீரபாண்டிய கட்டபொம்மன்’, ‘கப்பலோட்டிய தமிழன்’, ‘கர்ணன்’, ‘ஆயிரத்தில் ஒருவன்’ என்று இந்தப் பக்கத்துக்கும் படம் எடுத்தார். மூன்று மாநிலமும் முட்டிக்கொள்ளும் இந்த மண்ணின் சினிமாவுக்கு அவரைவிடப் பொருத்தமான ஆள் கிடைக்கமாட்டார். தமிழில் நடந்த பெரிய மீட்புப் பணிகள் மூன்று அவர் படங்களுக்கே வாய்த்ததைத் தற்செயல் என்று சொல்ல எனக்கு மனமில்லை. பெரிய திரைக்கென்றே படம் எடுத்தவர் அவர். பெரிய திரையில் மறுபடி பார்க்க ஆசைப்பட்டவர்களும் அவர் படங்களைத்தான் கேட்டார்கள்.

‘கர்ணன்’ 1964 பொங்கலுக்கு வந்தது. ஈஸ்ட்மென் கலர். ஜெய்ப்பூர் அரண்மனைகள், குருக்ஷேத்திரத்தில் போர்க்களம், சிவாஜி, என்.டி. ராமாராவ், அசோகன், முத்துராமன், தேவிகா, சாவித்திரி என்று வாரி இறைத்து எடுத்த படம். அதே பொங்கலுக்கு எம்.ஜி.ஆரின் ‘வேட்டைக்காரன்’. போட்ட பணத்துக்கேற்ற வசூல் அப்போது இல்லை. ஆனால் மறு வெளியீடுகளில் அது ஓடிக்கொண்டே இருந்தது. ஓட ஓட நிறம் வெளுத்தது. ஈஸ்ட்மென் கலர் பிலிமின் பலவீனம் நீலப்பச்சைச் சாயம். இருட்டில் பெட்டிக்குள் வைத்திருந்தாலும் அதுதான் முதலில் போகும். மிஞ்சுவது செம்மஞ்சளும் கருஞ்சிவப்பும். எண்பதுகளின் தொடக்கத்தில் நிறம் நிலைக்கும் பிலிம் வரும்வரை வந்த பிரதிகள் பலவற்றுக்கும் இதே கதி. கிருஷ்ணனும் சிவப்பு, கர்ணனும் சிவப்பு, வானமும் சிவப்பு என்று ‘கர்ணன்’ பார்த்த தலைமுறை ஒன்று உண்டு.

2012 ஜனவரியில், அந்த ஈஸ்ட்மென் பிலிமைத் தயாரித்த கோடாக் நிறுவனம் அமெரிக்காவில் திவால் பாதுகாப்பு கேட்டு நீதிமன்றம் போனது. இரண்டே மாதத்தில், மார்ச் 16 அன்று, ‘கர்ணன்’ டிஜிட்டலில் தமிழகமெங்கும் வெளியானது. திவ்யா பிலிம்ஸ் சொக்கலிங்கம் ஏறக்குறைய மூன்று ஆண்டு பாடுபட்டுக் கொண்டுவந்தார். படமும் ஒலியும் சிதைந்திருந்த நிலையில் சட்டகம் சட்டகமாகத் துடைத்து, நிறத்தை மீட்டு, ஒலியைச் செப்பனிட்டார்கள். மூன்று மணி நேரம் என்றால் சுமார் இரண்டரை லட்சம் சட்டகங்கள். ஒவ்வொன்றிலும் தூசி, கோடு, கறை. கணினி பாதி வேலையைச் செய்யும்; மீதியை ஆள்தான் செய்யவேண்டும், இல்லாவிட்டால் பறக்கும் அம்பையும் தூசி என்று எண்ணி இயந்திரம் துடைத்துவிடும்.

சென்னையில் நூறு நாளைத் தாண்டி ஓடியது. 48 வயதான படம் புதுப் படங்களுக்கு நடுவே அப்படி ஓடியதைப் பத்திரிகைகள் அதிசயமாக எழுதின. எனக்கு அதில் அதிசயம் தெரியவில்லை. அந்தக் கூட்டம் ஒருநாளும் கலையவே இல்லை. மழை பெய்யும் பிரதியைப் பார்த்துக்கொண்டு நாற்பது ஆண்டாகச் சின்ன ஊர்களில் உட்கார்ந்திருந்தது. அதற்கு நல்ல பிரதி கொடுத்தார்கள், வந்தது. பிலிம் பிரதி போடும் செலவு இல்லாமல் எல்லா ஊருக்கும் ஒரே நாளில் அனுப்ப டிஜிட்டல் புரொஜெக்டர் வழி செய்தது. பிலிமைக் கொன்ற இயந்திரமே பிலிமில் இருந்ததை மீட்டும் தந்தது.

பிறகு வரிசையாக வந்தன. 2014 மார்ச்சில் அதே சொக்கலிங்கம் ‘ஆயிரத்தில் ஒருவன்’ கொண்டுவந்தார். சென்னையில் வெள்ளிவிழா கண்டது. 2015-ல் ‘வீரபாண்டிய கட்டபொம்மன்’. இடையில் ‘பாசமலர்’, ‘வசந்த மாளிகை’. பின்னால் 2017-ல் ‘பாட்ஷா’. 2021-ல் ‘உலகம் சுற்றும் வாலிபன்’. ரஜினியின் பூர்வீகமான நாச்சிக்குப்பம் வேப்பனப்பள்ளிப் பக்கம்தான் இருக்கிறது என்பதால் ‘பாட்ஷா’வை இந்தத் தொடரில் விட்டுவிட முடியாது. ஆனால் எல்லாவற்றையும் மீட்பு என்று சொல்ல நான் தயாரில்லை. பல மறு வெளியீடுகளில் இன்றைய அகலத்திரைக்காக மேலும் கீழும் வெட்டினார்கள். நடனக் காட்சியில் பாதம் போயிற்று. ஒற்றைத் தடத்தில் இருந்த ஒலியை ஆறாகப் பிரித்து, இல்லாத இடிமுழக்கத்தைச் சேர்த்தார்கள். தூசியோடு பிலிமுக்கே உரிய மணல்போன்ற நுண்துகளையும் சேர்த்துத் துடைத்ததில் முகங்கள் மெழுகாயின. வியாபாரத்துக்குச் செய்ததைக் குறை சொல்லவில்லை. வேறு யாரும் பணம் போடவில்லையே. அதை மூலப் படம் என்று சொல்லி விற்பதைத்தான் ஏற்க முடியவில்லை.

எல்லைக்கு அந்தப் பக்கம் இன்னும் ஒரு படி மேலே போனார்கள். ராஜ்குமாரின் கறுப்பு வெள்ளை ‘சத்ய ஹரிச்சந்திரா’ (1965) 2008-ல் வண்ணம் பூசி வந்தது. 2014-ல் ‘கஸ்தூரி நிவாஸா’ (1971). சிவாஜியின் ‘அவன்தான் மனிதன்’ இந்தக் ‘கஸ்தூரி நிவாஸா’வின் தமிழ் வடிவம்தான். வண்ணம் பூசியதை மக்கள் விரும்பிப் பார்த்தார்கள் என்பது உண்மை. ஆனாலும் ஒளிப்பதிவாளர் கறுப்புக்கும் வெள்ளைக்கும் இடையே வைத்த ஒளியின் மேல் ஒரு சேலைக்கடைக்காரரின் நிற அட்டையை விரித்தது போலத்தான் எனக்குப் பட்டது.

தயாரிப்பாளர் தருவது மூலப் படம் இல்லை என்று ரசிகர்கள் கிளம்பினால் என்ன நடக்கும்? அமெரிக்காவில் நடந்தது. ஜார்ஜ் லூகாஸ் தம் ‘ஸ்டார் வார்ஸ்’ (1977) படத்தை 1997-ல் புதுக் காட்சிகளும் கணினி உருவங்களும் சேர்த்து மாற்றினார். அதன்பின் மாற்றிய வடிவமே அதிகாரபூர்வமானது. முதலில் பார்த்த படம் வேண்டும் என்றார்கள் ரசிகர்கள். தரமான வடிவில் கிடைக்காததால் தாங்களே இறங்கினார்கள். தனியார் சேகரிப்புகளில் இருந்த 35 மி.மீ. தியேட்டர் பிரதிகளைத் தேடிப் பிடித்து, ஸ்கேன் செய்து, ஒரு பிரதியில் சட்டகம் போன இடத்தை இன்னொரு பிரதியிலிருந்து நிரப்பி, சம்பளமில்லாமல் ஆண்டுக்கணக்கில் உழைத்து ஒரு வடிவம் செய்தார்கள். ‘4கே77’ என்று அதற்குப் பெயர். சட்டப்படி அதற்கு அனுமதி கிடையாது. படத்தின் உரிமையாளர் பொறுத்துக்கொண்டிருக்கிறார், அவ்வளவுதான்.

அவர்களுக்குக் கைகொடுத்த பிரதி எப்படிப்பட்டது என்பதுதான் நமக்கு முக்கியம். டெக்னிக்கலர் நிறுவனத்தின் பழைய சாயமாற்று முறையில் அச்சான பிரதி அது. நிறங்களை ஒவ்வொன்றாகச் சாயமாக எடுத்துப் பிலிமில் ஒற்றும் முறை. அரை நூற்றாண்டு கழித்தும் வெளுக்காது. எழுபதுகளின் இறுதியில் மூடப்படும்வரை அந்த முறையை வைத்திருந்த கூடங்களில் ஒன்று லண்டன் டெக்னிக்கலர். நம் பந்துலு 1959-ல் கேவா கலரில் எடுத்த ‘வீரபாண்டிய கட்டபொம்மன்’ படத்தை டெக்னிக்கலர் பிரதியாக மாற்றியதும் லண்டனில்தான். இந்தியாவுக்கு முன்பே லண்டனில் திரையிட்டார்கள். அந்த முதல் அச்சின் ஒரு ரீல் எங்காவது ஒரு பரணில் இருந்தால், இன்று தொலைக்காட்சியில் வரும் எந்த வடிவத்தையும்விட அதில் சிவாஜியின் உடை நிறம் உண்மையாக இருக்கும். ஒரு துண்டு இருந்தாலும் போதும். நிறம் திருத்துகிறவருக்கு அது அளவுகோல்.

தியேட்டர் பிரதியிலிருந்து மீட்பது ரசிகர்களின் கிறுக்கு அல்ல, பெரிய ஆவணக்காப்பகங்களும் வேறு வழியில்லாதபோது அதைத்தான் செய்கின்றன. அரவிந்தனின் மலையாளப் படம் ‘கும்மாட்டி’ (1979): மூல நெகட்டிவ் இல்லை. புனே ஆவணக்காப்பகத்தில் இருந்த பிரதிகளை வைத்துத்தான் ஷிவேந்திர சிங் துங்கர்பூரின் பிலிம் ஹெரிடேஜ் பவுண்டேஷனும் மார்ட்டின் ஸ்கார்செஸியின் அமைப்பும் இத்தாலியின் பொலோனியா நகரில் 2021-ல் மீட்டன. நிறம் எப்படி இருந்தது என்று சொல்ல அதன் ஒளிப்பதிவாளர் ஷாஜி என். கருண் அப்போது இருந்தார். நம் சென்னை ஜெமினி ஸ்டுடியோவில் உதயசங்கர் எடுத்த ‘கல்பனா’ (1948) அதே ஊரில் மீட்கப்பட்டு 2012-ல் கான் விழாவில் ஓடியது. ‘கர்ணன்’ நம் தியேட்டர்களில் ஓடிக்கொண்டிருந்த அதே கோடையில். துங்கர்பூரின் அமைப்பு 2017 அக்டோபரில் சென்னையிலேயே பயிற்சிப் பட்டறை நடத்தி, பிலிமைக் கையால் தொட்டுச் செப்பனிடக் கற்றுக்கொடுத்தது.

இங்கே, இந்தத் தொழிற்பேட்டையில், அது முடியுமா? சட்டத்தை முதலில் பார்ப்போம். நம் பதிப்புரிமைச் சட்டப்படி ஒரு திரைப்படத்தின் உரிமை, அது வெளியானதற்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டு. அந்தக் கணக்கில் ‘கட்டபொம்மன்’ 2020-லும் ‘கர்ணன்’ 2025-லும் திரைப்படம் என்ற அளவில் பொதுச்சொத்தாகிவிட்டன. பாட்டின் கணக்கு வேறு: எழுதியவர் காலமாகி 60 ஆண்டு. கண்ணதாசன் 1981-ல் மறைந்தார். அவர் வரிகளுக்கு 2041 வரை உரிமை உண்டு. ஆகவே மீட்டதை ஊரறியத் திரையிடப் பாட்டுரிமைக்காரரிடம் போய்த்தான் ஆகவேண்டும். ஆனால் ‘ஸ்டார் வார்ஸ்’ ரசிகர்களைவிட நம் நிலைமை எவ்வளவோ மேல். ஆண்டுதோறும் ஜனவரி முதல் தேதி இன்னும் ஒரு வருஷத்துப் படங்கள் திறந்துகொண்டே போகும்.

அடுத்தது இயந்திரம். பிலிம் ஸ்கேனர் என்பது மந்திரப்பெட்டி அல்ல. பிலிமை இழுக்காமல், கிழிக்காமல் நகர்த்தும் உருளைகள், சீரான ஒளி, சட்டகத்துக்கு ஒரு படம் எடுக்கும் கேமரா, மூன்றையும் ஒத்துப்போக வைக்கும் சிறு மின்னணுப் பலகை. அமெரிக்காவில் மாத்யூ எப்ளர் என்பவர் ‘கினோகிராஃப்’ என்ற பெயரில் அப்படிப்பட்ட ஸ்கேனரின் வரைபடத்தை யாரும் செய்துகொள்ளலாம் என்று பொதுவில் வைத்தார். கடிகாரப் பற்சக்கரத்தை மில்லிமீட்டரில் நூறில் ஒரு பங்கு பிசகாமல் வெட்டும் ஊரில், அச்சு வார்க்கும் டூல் ரூம்கள் தெருவுக்குத் தெரு இருக்கும் ஊரில், இதற்கு ஆளில்லை என்று சொன்னால் நான் நம்பமாட்டேன். ஷிப்ட் முடிந்து இரண்டாம் ஆட்டம் பார்க்க ஓடிய தலைமுறை இப்போது ஓய்வுபெற்று வீட்டில் இருக்கிறது. கை பழகியவர்கள், படமும் தெரிந்தவர்கள்.

குறைவது பிலிம்தான். மூடிய கொட்டகைகளின் ஆபரேட்டர் அறைகளிலும், வினியோகஸ்தர் வீட்டுப் பின்கட்டிலும், எடைக்குப் போடாமல் விட்ட பெட்டிகள் இன்னும் இருக்கக்கூடும். ஓசூர் மூவாயிரம் அடி உயரத்தில் இருப்பதால் சென்னையின் கடற்காற்றைவிட இங்கத்திக் குளிர் பிலிமுக்கு இதமானது. அது நம் அதிர்ஷ்டம். பெட்டி கிடைத்தால் செய்யக்கூடாதது ஒன்று: ஆசைப்பட்டுப் புரொஜெக்டரில் ஏற்றி ஓட்டிப் பார்ப்பது. சுருங்கிய பிலிமின் துளைகள் பற்சக்கரத்துக்கு ஒத்துவராமல் வரிசையாகக் கிழியும். திறந்ததும் காடி வாடை அடித்தால் அசிடேட் பிலிம் சிதையத் தொடங்கிவிட்டது என்று பொருள். அந்த வாடை பக்கத்துப் பெட்டிக்கும் தொற்றும், உடனே பிரித்து வைக்கவேண்டும். துருப்பிடித்த தகரத்திலிருந்து காற்றுப் போகும் பிளாஸ்டிக் பெட்டிக்கு மாற்றவேண்டும். பெட்டிமேல் ஒட்டிய சீட்டு, தணிக்கை எண், ஆபரேட்டர் பென்சிலில் எழுதிய ரீல் எண் எதையும் கிழித்தெறியக்கூடாது. எந்த வருஷத்து அச்சு என்று அதிலிருந்துதான் கண்டுபிடிக்க முடியும். 1951-க்கு முந்திய பிலிம் என்று சந்தேகம் வந்தால் கையே வைக்காமல் புனேக்குச் சொல்லிவிடுவது நல்லது. நைட்ரேட் பிலிம் தீப்பற்றினால் தண்ணீராலும் அணையாது. 2003-ல் புனே வளாகத்திலேயே நைட்ரேட் சேமிப்பு எரிந்து நூற்றுக்கணக்கான படங்கள் போயின.

எந்தப் படத்தில் தொடங்குவது என்று என்னைக் கேட்டால் எம்.ஜி.ஆரையும் சிவாஜியையும் சொல்லமாட்டேன், அவர்களுக்கு ஆளிருக்கிறது. ஓசூருக்குப் பக்கத்துத் தொரப்பள்ளியில் பிறந்த ராஜாஜி, மதுவால் சீரழியும் ஓர் ஏழைக் குடும்பத்தைப் பற்றி எழுதிய கதையை சிங்கீதம் சீனிவாசராவ் 1974-ல் ‘திக்கற்ற பார்வதி’ என்று எடுத்தார். லட்சுமி, ஸ்ரீகாந்த் நடிப்பு. வீணை சிட்டிபாபு இசை. சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது. கட்-அவுட் வைக்க மன்றம் இல்லாத படம். அதன் உரிமை 2034 முடியும்வரை இருக்கிறது, ஆகவே உரிமையாளரைக் கேட்டுத்தான் தொடவேண்டும். ஆனால் பிரதி தேடுவதற்கு யாரிடமும் அனுமதி கேட்கவேண்டியதில்லை. ராயக்கோட்டை, சூளகிரி, பாகலூர்ப் பக்கம் கொட்டகை நடத்தியவர்களின் பிள்ளைகள் பின்கட்டைத் திறந்து ஒருமுறை பெட்டிச் சீட்டுகளைப் படித்துப் பார்க்கட்டும்.

(தொடரும்)